பூச்சாண்டி நைனா எடுத்த பேய்ப் படம்

பூச்சாண்டி நைனாவைப் போல என் வயிற்றெரிச்சலைக் கொட்டிக்கொண்ட ஆண்பிள்ளை இந்தப் பூமியில் பிறந்ததில்லை. எனக்கு எழுத்துக் கூட்டித்தான் படிக்கத் தெரியும். இதை எழுதி முடிக்க எத்தனை பொழுது போனாலும் போகட்டும், அந்த மனுஷனைப் பற்றிச் சொல்லாமல் விடமாட்டேன்.

அப்போது வெள்ளைக்காரன் ஆட்சி. பேசும் படம் வந்த புதிது. செம்பரம்பாக்கம் ஏரியின் மறுகோடியில், ஆள் நடமாட்டமே இல்லாத இடத்தில், கூரை விழுந்த பங்களா ஒன்று இருந்தது. பட்டணத்து அரிசி மண்டிக்காரர் மகன் ஒருவர் காமிராப் பெட்டியை மாட்டு வண்டியில் ஏற்றிக்கொண்டு அங்கே வந்து இறங்கினார். அந்தப் பங்களாவுக்கு ஒரு டாக்டர் குடிவருகிறாராம். ஏரியில் முழுகிச் செத்த பிள்ளைகள் கரையேறி, பேசாமல் முறைத்துக்கொண்டே வந்து அவரைச் சூழ்ந்துகொள்ளுமாம். இதுதான் படம். பேயாக நடிக்க எங்கள் ஊர்ப் பிள்ளைகளைக் கேட்டார். பூச்சாண்டி நைனா என்று நாங்கள் வைத்த பேர் அவருக்கு நிலைத்துவிட்டது.

எங்களை வரிசையாக நிற்க வைத்து, முகத்தில் அரிசி மாவைக் குழைத்துப் பூசிக்கொண்டே வந்தார். என்னிடம் வந்ததும் நின்றார். மேலும் கீழும் பார்த்தார்.

"இதுக்கு மாவு வாணாம். இப்பிடியே இர்க்கட்டும்."

கேட்டீர்களா அநியாயத்தை! மூக்கும் முழியுமாக லட்சணமாக இருந்த பெண் நான். இன்றைக்கு நினைத்தாலும் உடம்பெல்லாம் எரிகிறது.

பக்கத்தில் நிற்கிறவரிடம்கூடத் தகரக் குழாயை வாயில் வைத்துத்தான் பேசுவார். உச்சி வெயிலில் நிற்க வைத்து, "இப்போ நடுராத்திரி, யாரும் கண்ண சுருக்காதீங்கோ!" என்று கத்துவார். மணல் காலைச் சுடும். நாங்கள் ஒற்றைக் காலில் மாற்றி மாற்றிக் குதிப்போம்.

"பேய்ங்க இன்னாத்துக்குடா டான்ஸ் ஆடுது?"

"உன் செருப்ப கழட்டிட்டு நீ நில்லு நைனா, பாக்கலாம்!" என்றேன் நான்.

நின்றார். எங்களைவிட உயரமாகக் குதித்தார்.

இதையெல்லாம் பொறுத்துக்கொண்ட எங்கள் தாய்மார்கள் காமிராவைக் கண்டதும் கொதித்துப்போனார்கள். முதலில் சண்டைக்குப் போனது என் அம்மா. "அம்மாம் பெரிய ஒத்தக் கண்ண வெச்சிகினு புள்ளைங்கள மொறைக்குது உன் பொட்டி. திஷ்டி படாதா?" என்று கேட்டு, மையைக் குழைத்து என் கன்னத்தில் காலணா அகலத்துக்கு ஒரு பொட்டு வைத்தாள். உடனே எல்லாத் தாய்மாரும் அவரவர் பிள்ளைக்கு வைத்தார்கள்.

பூச்சாண்டி நைனா தலையில் கை வைத்துக்கொண்டார். "யம்மா, இது பேய்ம்மா! பேய்க்கு எங்கியாவது திஷ்டி பொட்டு வெப்பாங்களா?"

"உனுக்குப் பேயி. எனுக்குப் பொண்ணு. பொட்டு இல்லாங்காட்டி ஊட்டுக்கு இட்டுகினு பூடுவேன்."

மனுஷர் அடங்கிவிட்டார். கன்னம் தெரியாமல் பக்கவாட்டில் படம் பிடிக்கப் பார்த்தார். ஒருத்திக்கு இடக் கன்னம், ஒருவனுக்கு வலக் கன்னம், இன்னொருவனுக்கு மோவாய். எந்தப் பக்கம் திரும்பினாலும் பொட்டு. பொழுது சாய்ந்தால் தாய்மார்கள் உப்பும் மிளகாயும் சுற்றி நெருப்பில் போடுவார்கள். அந்த நெடியில் டாக்டர் வேஷக்காரர் பயந்து அலறுவதற்குப் பதில் தும்மினார்.

ஒருநாள் மத்தியானம் சோறு தின்னும்போது எங்கள் பக்கத்தில் வந்து குந்தினார். குழாய் இல்லாமல் பேசினார்.

"நான் எடுத்த ரெண்டு படத்துலயும் ஜனங்க அழ வேண்டிய எடத்துல சிரிச்சாங்கோ. இதுல ஒருத்தராவது பயந்து கத்தணும். இல்லேன்னா பொட்டிய ஏரில போட்டுட்டு எங்கப்பன் மண்டிக்கே மூட்ட தூக்கப் போறேன்."

மறுநாள் அம்மா தண்ணீர் மொள்ளப் போன நேரம் பார்த்து, துண்டு நுனியால் என் கன்னத்துப் பொட்டை அழுத்தித் துடைத்துவிட்டார். என் முகத்தை மட்டும் தனியாகப் படம் பிடித்தார். நான் முறைத்த முறைப்பு நடிப்பே இல்லை. அத்தனையும் கோபம். பிறகு டாக்டரின் மீசை மையை எடுத்துப் பழையபடியே பொட்டை வைத்துவிட்டார். அம்மாவுக்குத் தெரியவே இல்லை.

பூந்தமல்லி டெண்டுக் கொட்டகையில் படம் போட்டார்கள். வண்டி கட்டிக்கொண்டு ஊரே போனது. திரையில் பேய்கள் வந்ததும், "தோ பாரு எம் புள்ள!" என்று தாய்மார்கள் எழுந்து நின்றார்கள். "டேய், பேய்க்குத் திஷ்டி பொட்டு வெச்சிகீறாங்கடா!" என்று பூந்தமல்லிக்காரர்கள் மணலில் உருண்டு உருண்டு சிரித்தார்கள். பூச்சாண்டி நைனா கம்பத்தோரம் துண்டால் முகத்தை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

அப்போது திரை முழுக்க என் முகம் வந்தது. கன்னத்தில் பொட்டு இல்லை. கொட்டகை நிறைய ஜனம் வெறும் கன்னத்தையே பார்க்கிறது.

"ஐயையோ!" என்று அம்மா வீறிட்டாள் பாருங்கள், அப்படி ஒரு கத்தலை நான் அதற்கு முன்னும் கேட்டதில்லை, பின்னும் கேட்டதில்லை. என்னவோ ஏதோ என்று கொட்டகையே அலறியது. பாதிப் பேர் வெளியே ஓடினார்கள்.

பூச்சாண்டி நைனா ஆட்களைத் தாண்டிக்கொண்டு ஓடி வந்தார். "யம்மா, நெஜமாவே பயந்துட்டியா?"

அடிக்க ஓங்கிய கையோடு அம்மா நின்றாள். அந்த மனுஷர் கண்ணெல்லாம் தண்ணீர்.

கையை இறக்கினாள். "ஆமா நைனா. ஈரக்கொலையே நடுங்கிப் பூட்ச்சி."

அவர் அங்கேயே, அந்த மணலிலேயே, அம்மா காலில் விழுந்தார்.

படப் பெட்டி அடுத்த ஊருக்குப் போனது. அங்கே என் அம்மா இல்லை. மாவு பூசாமலே என்னைப் பேயாக்கிய அந்த மனுஷனை நான் மன்னிக்கப் போவதில்லை. ஆனாலும், இன்னும் ஒரே ஒரு ஊரிலாவது யாராவது என் மூஞ்சியைப் பார்த்துக் கத்தியிருக்க வேண்டும் சாமி என்று, விளக்கு வைக்கும்போதெல்லாம் வேண்டிக்கொண்டுதான் இருந்தேன்.