பன்னிரண்டரை மணி நிலநடுக்கம்

பூமி நடுங்கும்போது தான் நடுங்காமல் உட்கார்ந்து அதை எழுதிவைக்கும் பெருமை உலகத்தில் மூன்றே நிறுவனங்களுக்கு உண்டு. மற்ற இரண்டும் எங்கே இருக்கின்றன என்று நாராயணபெருமாள் சாருக்கே தெரியாது. மூன்றாவது நாகர்கோவில் வடசேரியில், பிராய்லர் கோழிக்கடையின் மேல்மாடியில் இருக்கிறது. ‘அகில உலக நிலநடுக்க, பாறை ஆய்வுக் கழகம்’ என்று பெயர். நாராயணபெருமாள் சார் அதன் இயக்குநர்.

முப்பத்திரண்டு வருடம் பூகோளம் நடத்தி ஓய்வு பெற்றவர் அவர். ஓய்வு பெற்ற மறுநாளிலிருந்து அவரை ஒருவரும் எதற்கும் கூப்பிடவில்லை. கல்யாண வீட்டில் வாழ்த்திப் பேசக்கூட மைக்கை அவர் கையில் கொடுக்கப் பயந்தார்கள். அந்த ஏக்கத்தில் மெலிந்துகொண்டிருந்த மனிதரைத்தான் கழகத்தின் நிறுவனர் சுயம்புராஜ் காரில் தேடி வந்து, ஒரு சுழல் நாற்காலியும் பெயர்ப்பலகையும் கொடுத்தார். பலகையில் ‘டாக்டர்’ என்றும் எழுதியிருந்தது. எந்தப் பல்கலைக்கழகம் என்பதை மெதுவாகப் பார்த்துக்கொள்ளலாம் என்றார் நிறுவனர்.

சுயம்புராஜுக்கு அறிவுத்தாகம் பிறந்த கதை உருக்கமானது. முன்பு கல்லடிவிளையில் அவருக்கு ஒரு குவாரி இருந்தது. ஊருக்குப் பின்னால் நின்ற ஆனைப்பாறையை வெடிவைத்து உடைத்து, டிப்பர் லாரிகளில் மாநில எல்லைக்கு அப்பால் அனுப்பிக்கொண்டிருந்தார். ஒரு நாள் உரிமத்தை ரத்து செய்து உத்தரவு வந்தது. அதைப் படித்ததும், பாறையைப் பற்றி ஒன்றுமே தெரியாமல் இத்தனை நாள் அதை உடைத்துவிட்டோமே என்று அவர் மனம் வெதும்பியது. அடுத்த வாரமே கழகம் உதயமாயிற்று. அதன்பின் அங்கே குவாரி வேலை எதுவும் நடக்கவில்லை, ‘கள ஆய்வு’தான் நடந்தது. டிப்பரில் போனதும் கல் அல்ல, ‘மாதிரி’. நாளொன்றுக்கு அறுபது டிப்பர் மாதிரி. சோதனைச்சாலை எல்லைக்கு அப்பால் எங்கேயோ இருந்தது. அவசரப்பட்டு ஒரு பாறையைப் பற்றி முடிவுக்கு வந்துவிடக் கூடாது என்பதில் நிறுவனர் அவ்வளவு கண்டிப்பானவர்.

கழகம் தொடங்கிய கையோடு கல்லடிவிளையில் ஒரு புதுவகை நிலநடுக்கமும் கண்டுபிடிக்கப்பட்டது. தினமும் மதியம் பன்னிரண்டரைக்கு வரும். ஞாயிற்றுக்கிழமை வராது. பெரிய வெள்ளிக்கும் பொங்கலுக்கும் விடுமுறை. நிறுவனரின் மகள் நந்தனாவின் கல்யாணத்துக்கு மூன்று நாள் தொடர்ந்து வரவில்லை. இயற்கைக்கு இத்தனை பண்பாடு உண்டு என்பதை முதன்முதலில் கட்டுரையாக எழுதியவர் நாராயணபெருமாள் சார். கழகத்தின் மாத இதழில் அது வந்தது. இதழின் ஆசிரியர் அவர்தான், வாசகரும் பெரும்பாலும் அவர்தான்.

கல்லடிவிளையில் பாறையடிவாரத்து முதல் வீடு குளோரியின் வீடு. முந்திரி ஆலைக்கு வேலைக்குப் போகிறவள். புருஷன் ஜெபகனி மஸ்கட்டில் சாரத்திலிருந்து விழுந்து இடுப்பொடிந்து, நாலு வருடமாகக் கட்டிலில் கிடக்கிறான். கட்டிலை ஒட்டிய மேற்குச் சுவர் அவன் அப்பா கருங்கல் வைத்துக் கட்டியது. அதில் மேலிருந்து கீழாக ஒரு விரிசல் விழுந்தது. குளோரி கழகத்துக்குக் கடிதம் எழுதினாள்.

கழகம் அலட்சியம் காட்டவில்லை. இயக்குநரே நேரில் வந்து, விரிசலுக்குக் குறுக்கே ஒரு கண்ணாடித் துண்டைச் சிமெண்ட் வைத்து ஒட்டி, தேதி போட்டுக் கையெழுத்திட்டார். விரிசல் அகன்றால் கண்ணாடி உடையும். உடைந்தால் குளோரி தெரிவிக்க வேண்டும். இந்தச் சேவைக்காக அவளுக்குக் ‘கௌரவ நிலநடுக்கப் பதிவாளர்’ என்று லேமினேஷன் செய்த சான்றிதழ் வழங்கப்பட்டது. சுவரில் ஒரு பலகையும் மாட்டப்பட்டது: ‘அறிவியல் கருவி. பூசவோ, பிரிக்கவோ கூடாது.’ ஒரு வருடத்தில் பதினோரு கண்ணாடி உடைந்தது. இதுபோல் உழைத்த கருவி வேறெங்கும் இல்லை என்று இயக்குநர் எழுதினார்.

ஜூனில் இடவப்பாதி மழை தொடங்குவதற்குள் அந்தச் சுவரைப் பிரித்துக் கட்டிவிட வேண்டும் என்று குளோரி துடித்தாள். சிமெண்டுக்கு ஆலயத்தில் ஏற்பாடு செய்திருந்தார்கள். பலகைதான் தடை. அதனால் மேலிடத்தில் மனுக் கொடுத்தாள். மனு ஐந்து அலுவலகங்களில் ‘தக்க நடவடிக்கைக்காக’ ஏறி இறங்கி, இந்த விஷயத்தில் கருத்துச் சொல்லத் தகுதியுள்ள ஒரே இடத்துக்கு வந்து சேர்ந்தது. அதாவது, கழகத்துக்கு. விசாரணை அதிகாரியாக இயக்குநர் நியமிக்கப்பட்டார்.

அவர் போனபோது மணி பன்னிரண்டேகால். குளோரி பால் விடாத கட்டஞ்சாயா கொடுத்தாள். அவர் கருவியின் அறிவியல் மதிப்பை விளக்கிக்கொண்டிருக்கையில் ஆனைப்பாறைப் பக்கமிருந்து சங்கு ஊதியது. ஜெபகனி போர்வையை முகத்துக்கு மேல் இழுத்துக்கொண்டான். அடுத்த நிமிடம் தரை தூக்கிப்போட்டது. பன்னிரண்டாவது கண்ணாடி பட்டென்று உடைந்தது, சுவரிலிருந்து மண் பொலபொலவென்று போர்வைமேல் கொட்டியது. டாக்டர் நாராயணபெருமாள் வாசல் நிலைக்குக் கீழே குந்தி, தலைமேல் கையை வைத்துக்கொண்டிருந்தார். சாயா அவர் வேட்டியில் இருந்தது.

“நீங்கதான சாரே ஒம்பதாம் கிளாசுல சொல்லித்தந்திய, பூகம்பம் சொல்லிட்டு வராதுன்னு,” என்றாள் குளோரி. “இது சங்கு ஊதிட்டுல்லா வருது.”

அவருக்கு வெட்கமாக இருந்தது. பாடம் நடத்திய நாளில் சொன்னது அத்தனையும் உண்மை என்பது வேறு உறுத்தியது. சுவரைப் பிரித்தே ஆக வேண்டும் என்று எழுதிவிடுவது என்ற முடிவோடுதான் பஸ் ஏறினார்.

நிறுவனர் கோபப்படவில்லை. “சாரே, அவளுக்க ஒரு சுவரப் பிரிக்கச் சொன்னா, நாளைக்கு ஊருல உள்ள நூறு சுவரும் பேச ஆரம்பிக்கும். பெறவு நம்ம ஆராய்ச்சி என்னாவும்?” என்று கேட்டுவிட்டு, கொழும்பில் நடக்கவிருக்கும் பாறை மாநாட்டின் அழைப்பிதழை நீட்டினார். இயக்குநர் முக்கால் மணி நேரம் பேச வேண்டும். மைக்கை யாரும் பிடுங்க மாட்டார்கள்.

விசாரணை அறிக்கை அன்று மாலையே தயாரானது. ‘நடுக்கத்தின்போது இயக்குநர் நேரில் இருந்தார். வீடு விழவில்லை. ஆகவே வீடு பலமானது.’

மழையின் மூன்றாம் நாள், மதியம் பன்னிரண்டரைக்கு மேற்குச் சுவர் அப்படியே உள்ளே சரிந்தது. கூரை ஒழுகியதால் காலையிலேயே கட்டிலை அடுக்களைக்கு இழுத்துப்போட்டிருந்தாள் குளோரி. அதனால்தான் ஜெபகனி பிழைத்தான். கழகம் உடனே செயல்பட்டது. கருவி சேதமானதற்கு ஏழு நாளில் விளக்கம் தருமாறு பதிவாளருக்கு நோட்டீஸ் அனுப்பியது.

குளோரி விளக்கம் எழுதவில்லை. லோடு ஆட்டோ ஒன்றைப் பிடித்து, சுவரின் கற்களை அள்ளிப் போட்டுக்கொண்டு வடசேரிக்கே வந்து, கோழிக்கடை வாசலில் நிறுத்தினாள். இயக்குநர் இறங்கி வந்தார்.

“உங்க கருவி சாரே. எண்ணிப் பாத்து எடுத்துக்கிட்டு ரசீது தாங்க. எனக்க மாப்பிள கெடக்க, போர்டு இல்லாத்த சுவரு ஒண்ணு எனக்குக் கெட்டணும்.”

தெருவில் கூட்டம் கூடியது. மாடியிலிருந்து பார்த்த நிறுவனர் போனை எடுத்தார். ஏழு வருடமாக ஆனைப்பாறைக்கு வழி தெரியாமல் தவித்த அதிகாரிகள், வடசேரிக்குப் பதினைந்தே நிமிடத்தில் வந்து சேர்ந்தார்கள். நடைச்சீட்டு இல்லாமல் கனிமம் கடத்திய குற்றத்துக்காக ஆட்டோ பறிமுதல் செய்யப்பட்டது. டிரைவர் முதல் குற்றவாளி, குளோரி இரண்டாவது. ஒரே ஒரு குறைதான் இருந்தது. பிடிபட்ட பொருள் இன்னதென்று ஒரு நிபுணர் சான்றளிக்க வேண்டும்.

எல்லோரும் இயக்குநரைப் பார்த்தார்கள். குளோரியும் பார்த்தாள். அவர் ஒரு துண்டைக் கையில் எடுத்தார். அதில் அவர் ஒட்டிய கண்ணாடியின் பாதி இன்னும் இருந்தது. மாடியை ஒருமுறை அண்ணாந்து பார்த்துவிட்டு, பேனாவைத் திறந்தார்.

ஆனைப்பாறை நின்ற இடத்தில் இன்று பச்சைத்தண்ணீர் தேங்கிய பள்ளம்தான் இருக்கிறது. அவ்வளவு பெரிய பாறை கண்ணெதிரே டிப்பர் டிப்பராகப் போனபோது, அதில் ஒன்றைக்கூடக் கல் என்று சொல்ல அந்தக் கழகத்துக்கு மனம் துணியவில்லை. குளோரி வீட்டுச் சுவரைப் பார்த்ததும், கையெழுத்தும் முத்திரையும் போட்டு முதன்முறையாகச் சான்றளித்தது: ‘இது கல்.’