நடைப்பிணங்களுக்கு மருந்து

படம் போடத் தெரிந்தவன், கல்யாணம் நிச்சயமாகும் வரைக்குமாவது பேனாவை மூடி வைத்திருக்க வேண்டும். நான் வைக்கவில்லை.

எழுபதுகளில் கொழிஞ்சாம்பாறையில் நண்பர்கள் சேர்ந்து ஒரு கையெழுத்துப் பத்திரிகை நடத்தினோம். ஒரே பிரதிதான், வீடு வீடாகச் சுற்றும். அதில் நான் ஒரு படக்கதை போட்டேன். செத்தவர்கள் செக்கச்சிவந்த கண்களோடு எழுந்து வந்து ஊரைக் கடிக்கிறார்கள். கடிபட்டும் ஒன்றும் ஆகாதவன் ஒரே ஒருவன். அவன் ரத்தத்தில் ஒரு சொட்டுதான் மருந்து. அவனுக்கு என் மூக்கு, என் கிருதா. (மார்பு மட்டும் இரவல்.)

அந்தச் சமயம் பார்த்து ஊரில் கண்வலி வந்தது. எல்லாரும் எச்சில் தொட்டுப் பக்கம் புரட்டினார்கள். என் எழுத்து எறும்பு சைஸ் என்பதால் கண்ணைக் கசக்கிக் கசக்கிப் படித்தார்கள். பத்திரிகை போன வீட்டுக்கெல்லாம் பின்னாலேயே கண்வலியும் போனது. எனக்கு மட்டும் வரவில்லை. "நம்ம ஒடம்பு வாகு அப்படிங்க" என்று டீக்கடையில் பீற்றிக்கொண்டேன். (கைவிட்டுப் போன பத்திரிகையை நான் திரும்பத் தொடவே இல்லை என்பது அப்போது உறைக்கவில்லை.)

நிச்சயத்தன்று தாம்பூலத் தட்டுகளோடு பெண் வீட்டில் போய் இறங்கினோம். பந்தலுக்குள்ளிருந்து சிவந்த கண்களோடு, கைகளை முன்னால் நீட்டித் துழாவிக்கொண்டு ஒரு கூட்டம் வந்தது. அச்சு அசலாக நான் வரைந்ததேதான்.

"என்னங்க மாமா, கண்ணு?" என்றேன் பெண்ணின் அப்பாவிடம்.

"உங்க பத்திரிகைதானுங்க மாப்ள. எம் பையன் வாங்கியாந்தானுங்க. ஊடு மொத்தமும் படிச்சுது. இப்ப ஊடு மொத்தமும் அழுவுது. நிச்சயத்தத் தள்ளி வெச்சுக்கலாமுங்க."

எங்கள் பக்கம் தள்ளி வைத்த நிச்சயம் வேறு மாப்பிள்ளையோடுதான் நடக்கும். எனக்கோ அவளை ரொம்பப் பிடித்திருந்தது.

அப்போது உள்ளேயிருந்து அவளே வந்தாள். இரண்டு கண்ணும் தக்காளிப் பழம். கையில் அரிவாள்மணை.

"ஏனுங்க, உங்க ரத்தம் ஒரு சொட்டுப் போதும்னு எழுதியிருந்தீங்களே. இங்க முப்பது பேரு இருக்கறோம். ஆளுக்கொரு சொட்டு வருமுங்களா?"

பந்தலே கண்ணீர் வழிய வழியச் சிரித்தது. மாமாவும் சிரித்துவிட்டுத் தட்டைத் தடவி எடுத்து நீட்டினார். (என் பெரியப்பாவிடம் என்று நினைத்துச் சமையல்காரரிடம்.)

மறுநாள் காலை எனக்கும் கண் ஒட்டிக்கொண்டது.

இன்றைக்கும் வீட்டில் யாராவது தும்மினால் போதும், "ஏனுங்க, கையக் கொண்டாங்க!" என்று அடுப்படியிலிருந்து குரல் வரும். பேத்தி ஓடிப்போய் டம்ளர் எடுத்து வருகிறாள்.