பிரேசில் நடிகைக்கு வைத்த பொட்டு

ஞாயிறு மாலை நான்கு பத்து. எங்கள் தமிழ்ச் சங்கம் கூடும் அஜின்கோர்ட் மண்டபத்துக்குள் நுழைந்ததும் நான் முதலில் கண்டது, பிரேசில் நாட்டு மௌனப்பட நடிகை ஒருத்தியின் நெற்றியில் ஈரம் காயாத சந்தனப் பொட்டு. நடுவில் குங்குமம். சட்டத்தைச் சுற்றி ஒரு மாலை.

அவளைப் பற்றி அரை மணிநேரம் பேச வந்தவன் நான். அவள் நடித்த படங்கள் ஒன்றும் மிஞ்சவில்லை. மிஞ்சியது ஒரேயொரு புகைப்படம். எங்கள் கட்டடத்தில் குடியிருக்கும் லூசியா அதை இரண்டு அட்டைகளுக்கு நடுவே வைத்து என்னிடம் தந்திருந்தாள். நடிகை அவளுடைய அம்மாவின் பெரியம்மா.

"அம்மாவுக்குச் சொல்லாமல் எடுத்து வந்தேன். அப்படியே திரும்பி வர வேண்டும்" என்றாள்.

பத்திரிகைக்காரனின் வாக்கு என்றேன். (பிரதி எடுக்க ஐந்து நிமிடம் போதும். மூலப்படமே மேடையில் இருந்தால் கம்பீரம் என்று நினைத்த மூளை என்னுடையது.)

சங்கச் செயலாளர் சிவம் அண்ணையிடம் அதைக் கொடுத்து, "வழக்கம்போல வையுங்கோ" என்றிருந்தேன். இருபது வருடம் மற்றவர்களின் செய்திகளைத் திருத்தியவன், அந்த ஒரு சொல்லைத் திருத்தவில்லை.

"அண்ணை, கண்ணாடி எங்க?"

"பிரேம் கண்ணாடி வெடிச்சுக் கிடந்தது, கழட்டிப்போட்டன். இப்ப மினுங்காமல் வடிவாத் தெரியுது, பாரும்."

"பொட்டு?"

"வெறும் நெத்தியோட ஒரு பொம்பிளையைச் சபையில வைக்கேலுமே, தம்பி?"

நான்கரைக்கு லூசியா வருவாள். விளக்கேற்றப் போகிறவளே அவள்தான். ஈரக் கடதாசியால் மெல்ல ஒற்றினேன். சந்தனம் வந்தது. இடது புருவத்தில் பாதியும் வந்தது. குங்குமம் மட்டும் வரவில்லை.

"விடும் தம்பி. இன்னும் தேய்ச்சால் மூக்கும் போயிடும்."

மாலையை நெற்றிவரை இறக்கிக் கட்டினேன். நடிகை தலைப்பாகை வைத்த மாப்பிள்ளை போலானாள்.

லூசியா நேரத்துக்கு வந்தாள். இறந்தவர்களுக்கான ஒரு நிமிட அகவணக்கத்துக்காக நாற்பது பேர் எழுந்து கண்ணை மூடினார்கள். வழக்கம் தெரியாததால் அவள் மூடவில்லை. பயத்தால் நானும் மூடவில்லை. அந்த ஒரு நிமிடத்தில் முடிச்சு அவிழ்ந்து, மாலை தன் பாட்டில் வழுக்கித் தரையில் விழுந்தது.

அவள் விளக்கை ஏற்றினாள். பிறகு என்னிடம் தாழ்ந்த குரலில், ஆங்கிலத்தில் கேட்டாள்.

"கழுவினால் போகுமா?"

"கழுவிப் பார்த்தேன். புருவம் போனது."

படத்தைச் சட்டத்திலிருந்து கழற்றி, அட்டைகளுக்கு நடுவே வைத்துக்கொண்டு வெளியே போனாள். வெறும் சட்டத்துக்குப் பக்கத்தில் நின்று அரை மணிநேரம் பேசினேன். சிவம் அண்ணை கைதட்டினார்.

லிப்டில் அவள் என்னோடு பேச எட்டு மாதம் எடுத்தது. அந்தப் படத்தை வீட்டில் வைத்திருக்க அம்மாவுக்கு மனமில்லை, பிரேசிலில் ஒரு காப்பகத்துக்குக் கொடுத்துவிட்டார் என்றாள்.

இப்போதும் நான் எந்தக் கடதாசியைத் தொட்டாலும் மகள் கேட்பாள்: "அப்பா, உது ஒரிஜினலோ?"

காப்பகத்தின் இணையத்தளத்தில் அந்தப் படம் இருக்கிறது. கீழே போர்த்துக்கேய மொழியில் ஒரு வரி: "இந்துப் பெண் வேடத்தில். திரைப்படத்தின் பெயர் தெரியவில்லை."