அடி போடத் தெரியாத கூடைக்காரர்

மதிப்பிற்குரிய அத்தான் அவர்களுக்கு,

இங்கே அனைவரும் நலம், என் வலது கட்டைவிரல் நீங்கலாக. விரலில் கட்டு இருப்பதால் நான் சொல்லச் சொல்ல என் வீட்டுக்காரி எழுதுகிறாள். முதலிலேயே சொல்லிவிடுகிறேன், தப்பித்துவிட்டேன். அக்காவிடம் மட்டும் இதைப் படித்துக் காட்ட வேண்டாம். அவள் வாயில் எதுவும் தங்காது.

நீங்கள் அனுப்பிய படக்காரர்கள் நான்கு நாள் இருந்துவிட்டு நேற்றுதான் வண்டி ஏறினார்கள். கிராமத்து வாழ்க்கையை உள்ளது உள்ளபடி எடுக்கப் போகிறோம் என்றார்கள். முதல் வேலையாக பிளாஸ்டிக் நாற்காலியை வெளியே போட்டார்கள், ஃபேனை நிறுத்தினார்கள், என் கைக்கடிகாரத்தைக் கழற்றச் சொன்னார்கள், வீட்டுக்குள்ளேயே குழாய் வைத்திருக்கும் பக்கத்து வீட்டுச் சித்தியைக் குடத்தோடு தெருவில் மூன்று முறை நடக்கவிட்டார்கள். பத்தடி அறையில் ஐந்து பேர் நின்றுகொண்டு, “நாங்க இல்லைன்னு நெனச்சுக்குங்கய்யா, இயல்பா இருங்க” என்றார் டைரக்டர். அதுவரை பரவாயில்லை. அப்புறம்தான் குண்டைத் தூக்கிப் போட்டார். “அடியிலேருந்து வாய் வரைக்கும் ஒரு முழுக் கூடை நீங்க பின்னறதை எடுக்கணும்.”

அத்தான், இருபத்திரண்டு வருடமாக மூடி வைத்ததை உங்களிடம் சொல்கிறேன். எனக்கு அடி போடத் தெரியாது. அடியும் உடம்பும் இவள் உள்ளறையில் பின்னுவாள். நான் வாசலில் உட்கார்ந்து வாய் ஓரத்தைக் கட்டுவேன். வாங்க வருகிறவர்கள் கண்ணில் படுவது நான். அதனால் ஊருக்கு நான்தான் கூடைக்காரர். நீங்களும் அதை நம்பித்தான் அவர்களிடம் பெருமையடித்திருக்கிறீர்கள். (இந்த இடத்தில் இவள் சிரிக்கிறாள். எழுது என்கிறேன்.) குட்டு உடைந்தால் வாசலில் எந்த முகத்தோடு உட்காருவது என்று எனக்குச் சோறு இறங்கவில்லை. மறுநாள் கொல்லையில் ஒளிந்துகொண்டு அடி போட்டுப் பார்த்தேன். மூங்கில் பட்டை விரலைக் கிழித்ததுதான் மிச்சம்.

கட்டுப் போட்ட விரலைக் காட்டி நழுவலாம் என்று பார்த்தால், ஆறும்வரை காத்திருக்கிறோம் என்கிறார் அந்த மனிதர். அப்போது இவள்தான், “அவர் பக்கத்துல உக்காந்து சொல்லட்டும், நான் பின்னறேன்” என்றாள். நானும் தொண்டையைச் செருமிக்கொண்டு, “குறுக்கே போடு, இழுத்துப் பிடி” என்றேன். நான் வாயைத் திறப்பதற்குள் அவள் அடுத்த சுற்றுக்குப் போய்விடுவாள். ஆனாலும் டைரக்டர் என் கையைப் பிடித்துக்கொண்டு, “எவ்வளவு பொறுமையா சொல்லித் தர்றீங்க” என்றார். மானம் பிழைத்தது அத்தான். போன உயிர் திரும்பி வந்தது.

பிள்ளைகளுக்கு என் ஆசி. உங்கள் வீட்டுப் பக்கம் எந்தக் கேமராவும் தலைவைத்துப் படுக்காதிருக்கட்டும்.

இப்படிக்கு,
நிம்மதியாக மூச்சுவிடும்
உங்கள் மைத்துனன்

பின்குறிப்பு: அண்ணா, இது நானாக எழுதுவது. அவர் குளிக்கப் போயிருக்கிறார். வந்த அன்றே டைரக்டர் என் கை காய்த்துப் போயிருப்பதைப் பார்த்துவிட்டு, “பின்னறது நீங்கதானேம்மா” என்று கேட்டார். ஆமாம் என்றேன். என் வீட்டுக்காரரிடம் இப்போது சொல்லிவிடாதீர்கள். பாவம், நேற்றுதான் நன்றாகத் தூங்கினார். படம் வருகிற அன்று மட்டும் நீங்கள் வந்து அவர் பக்கத்தில் உட்கார்ந்துகொள்ளுங்கள். கொல்லையில் அவர் ஒளிந்து ஒளிந்து அடி போட்டதை ஜன்னல் வழியாக முழுசாக எடுத்திருக்கிறார்கள். நான்கு நாளில் இயல்பாக வந்தது அது ஒன்றுதானாம்.