ரூல் பிரகாரம் ஒரு கொலை

"மாப்ள, நீ போடற அந்த ஜப்பான் பொம்மப்படத்துல திருட்டு பாஸ் ஒருத்தன் வர்றானே, அவனப் பத்தி உங்கிட்ட நேர்ல பேசணும்."

நாராயணசாமி போனை வைத்துவிட்டார். ஏசி போட்ட கம்பெனி பஸ்ஸிலும் கோபிகிருஷ்ணனுக்கு வியர்த்தது.

தாம்பூலம் மாற்ற ஒரு வாரம்தான் இருந்தது. பெண் கீர்த்தியின் அப்பாதான் நாராயணசாமி. ஆந்திராவில் புத்தூர்ப் பக்கம் மண்டல் தாசில்தார் ஆபீஸில் சூப்பரின்டெண்டாக இருந்து ரிட்டையரானவர். அவர் ஆபீஸை விட்டாலும் ஆபீஸ் அவரை விடவில்லை. காபிக்குச் சர்க்கரை கேட்பதானாலும் "ரூல் பிரகாரம்" என்றுதான் ஆரம்பிப்பார்.

பெண் பார்க்கப் போன அன்றே அந்தக் குரல் கோபியின் காதில் ஒட்டிக்கொண்டது. ஸ்ரீ சிட்டியில் தொழிற்சாலை வேலை போக மிச்ச நேரத்தில் அவன், ஜப்பான்காரனே மறந்துபோன ஒரு குற்ற அனிமேவை வெட்டி ஒட்டி, ஊர்ப் பேச்சில் டப்பிங் செய்து இணையத்தில் போட்டு வந்தான். சீந்துவாரில்லை. பெண் பார்த்து வந்த பிறகு, கொள்ளைக்கூட்ட பாஸுக்கு மாமனார் மாதிரியே பேசிக் குரல் கொடுத்தான்.

"ரூல் பிரகாரம் மொதல்ல பூட்ட உடைக்கணும், அப்பறம்தான்டா பேங்குக்குள்ள போவணும்!" என்று டோக்கியோவில் பாஸ் அதட்டினான். முறிந்த காலுக்குப் புத்தூர்க் கட்டு போட்டுக்கொண்டான்.

சித்தூரிலிருந்து சத்தியவேடு வரை பற்றிக்கொண்டது. கல்லூரிப் பிள்ளைகள் அசல் படத்தையே தேடிப் பிடித்துப் பார்த்தார்கள். தொழிற்சாலைக்கு வந்த ஜப்பானிய மேலதிகாரி, சின்ன வயதில் பார்த்தது என்று தழுதழுத்துக் கை கொடுத்தார். பாஸ் என்ன பேசினான் என்பது மட்டும் அவருக்குப் புரியவில்லை.

இப்போது மாமனாருக்குப் புரிந்துவிட்டதே!

அன்றே பாஸின் குரலைக் கம்ப்யூட்டரில் தடிமனாக்கினான். கீர்த்தி போன் செய்தாள்.

"இன்னாங்க, எங்க நைனாக்கு சளி புடிச்சா மாதிரியே கீது!"

அடுத்து பாஸின் பேச்சையே வெட்டி, வெறும் கனைப்பை மட்டும் விட்டான்.

"இது இன்னும் மோசம். கனைப்பக் கேட்டுட்டு எங்கம்மா எழுந்து காபி வெச்சிட்டாங்க."

கோபியின் நைனா கங்கையா வாயைத் திறப்பதே அபூர்வம். மகன் தவிப்பதைப் பார்த்து அன்று திறந்தார்.

"சாவடிச்சிடுடா. பீடை போவட்டும்."

ஞாயிற்றுக்கிழமை பாஸ் குண்டடி பட்டுச் செத்தான். அவ்வளவுதான், ஊரே இழவு காத்தது. மார்க்கெட்டில் கண்ணீர் அஞ்சலி ஃப்ளெக்ஸ் எழும்பியது. ஃப்ளெக்ஸுக்கு மாலை விழுவதற்குள் மாமனார் போன்.

"இப்பவே வா."

கூடத்தில் நாராயணசாமி கண் சிவந்து உட்கார்ந்திருந்தார்.

"மாமா, மன்னிச்சிடுங்க..."

"யாரக் கேட்டுடா அவனக் கொன்ன?"

"உங்களுக்குக் கோவம்னு..."

"கோவமா? நேர்ல பாராட்டலாம்னு கூப்ட்டா, கொன்னுட்டு வந்து நிக்கிற! ரூல் பிரகாரம் சொல்றன், அவன் உசுரோட எழுந்து வர்ற வரைக்கும் தாம்பூலம் கெடையாது!"

உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். தாழ்ப்பாள் போடும் சத்தமும் கேட்டது.

கோபிக்கு ஒன்றும் விளங்கவில்லை. மாமியார் தாட்சாயணி தண்ணீர்ச் சொம்பை நீட்டி, சிரிப்பை முந்தானையில் பொத்திக்கொண்டு கிசுகிசுத்தாள்.

"அந்த பாஸு அச்சு அசல் உங்க நைனாவாம் மாப்ள. சிரிச்சி சிரிச்சி ஊரு பூரா அனுப்பிக்கினு இருந்ததே இவருதான். இப்ப, பெத்த அப்பனையே சாவடிச்சவன் மாமனார வுட்டு வெப்பானான்னு பயந்துக்கினு கீறாரு!"