சத்தம் போடாத கேமரா

"ஆளு ரொம்ப அசைவாரா, அண்ணே?" என்று கேட்டான் லோகன்.

திருச்செல்வம் கண்ணாடி அலமாரிக்குள் இருந்த கேமராக்களைப் பார்த்துக்கொண்டே, "இப்போதைக்கு அசைவாரு," என்றார்.

பிரிக்பீல்ட்ஸில் மாடிப்படி ஏறிப் போனால் லோகனின் கடை. கல்யாணப் படங்கள் எடுத்துப் பேர் வாங்கியவன். கேமரா வாங்க வருகிறவரைப் பெண் பார்க்க வந்தவர் மாதிரி உட்காரவைத்து விசாரிக்காமல் விடமாட்டான்.

"வீடியோ எடுப்பீங்களா?"

"வேணாம் தம்பி. படம் மட்டும் போதும். ஒரே ஒரு படம்."

"ஒரு படத்துக்கா அண்ணே கேமரா வாங்குறீங்க? கைபேசி இருக்கே!"

இருக்கிறது. அதில் அப்பா அய்யாவுவின் படங்களும் கொள்ளை கொள்ளையாக இருக்கின்றன. ஒன்றில் கேக்குக்குப் பின்னால் பாதி முகம், இன்னொன்றில் கண்டக்டர் மாதிரி கையை நீட்டிக்கொண்டு வாய் திறந்தபடி. நேராக நிற்கவைத்து எடுத்தாலோ, மனிதர் மூச்சைப் பிடித்து, கண்ணை உருட்டி, உதட்டை இறுக்கிக்கொள்வார். ஐசி என்கிற அடையாள அட்டைக்குப் படம் எடுக்கப் போன இடத்தில் கண்ணை மூடாதீர்கள், பல்லைக் காட்டாதீர்கள் என்று எந்தக் காலத்திலோ யாரோ சொன்னதை அவர் இன்றுவரை சட்டமாக வைத்திருந்தார்.

அதெல்லாம் இருந்துவிட்டுப் போகட்டும் என்றுதான் திருச்செல்வமும் இருந்தார், செமினியில் பெரியப்பா இறந்துபோகும்வரை. வீட்டில் நல்ல படம் ஒன்றுகூட இல்லாமல், கடைசி நேரத்தில் ஐசி படத்தையே பெரிதாக்கி, மாலை போட்டுச் சவப்பெட்டிக்கு முன்னால் வைத்துவிட்டார்கள். திருட்டு கேஸில் பிடிபட்டவர் மாதிரி முழித்துக்கொண்டு பெரியப்பா எல்லாருக்கும் விடை கொடுத்தார். அய்யாவு அந்தப் படத்தின் முன்னால் வெகுநேரம் நின்றார். கூடப் பிறந்த அண்ணன். பிறகு மகனிடம் மெல்லக் கேட்டார்.

"இது யாருடா?"

அந்தக் கேள்வி திருச்செல்வத்தின் நெஞ்சில் முள்ளாகத் தைத்திருந்தது. அது ஆறுவதற்குள் போன வாரம் டாக்டர் அப்பாவை வெளியே பெஞ்சில் உட்காரவைத்துவிட்டு மகனை மட்டும் உள்ளே கூப்பிட்டார். அப்பாவின் இதயம் ரொம்பத் தளர்ந்துவிட்டது, இனி சில மாதங்கள்தான் தாங்கும் என்றார். முகத்தைக் கழுவித் துடைத்துக்கொண்டு வெளியே வந்த திருச்செல்வம், "ஒண்ணுமில்லப்பா, வாங்க போவோம்," என்று அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டார்.

மனைவி மலரிடமும் சொல்லவில்லை. மலரிடம் சொன்னால் செலாயாங்கில் இருக்கும் அவள் அக்காவுக்குப் போகும். அக்காவுக்குப் போனால் சாயங்காலத்துக்குள் அப்பாவுக்கே திரும்பி வந்துவிடும். அதனால் போர்ட் கிள்ளானில் கிடங்கு சூப்பர்வைசராக இருக்கும் அந்த ஐம்பத்திரண்டு வயது மனிதர், எல்லாவற்றையும் தானே விழுங்கிக்கொண்டு, வாழ்க்கையில் முதல் தடவையாகக் கேமரா வாங்க வந்திருந்தார்.

"அவருக்குத் தெரியாம எடுக்கணும்," என்றார் லோகனிடம்.

லோகன் ஒரு நிமிடம் யோசித்துவிட்டு ஒரு சின்ன கறுப்புக் கேமராவை எடுத்து வைத்தான். "அப்ப மிரர்லெஸ்தான் அண்ணே. பழைய கேமராவுல உள்ள ஒரு கண்ணாடி இருக்கும், அமுக்குனா டப்புனு அடிக்கும். இதுல கண்ணாடியே இல்ல. சைலண்ட்ல போட்டீங்கன்னா பக்கத்துல நின்னு எடுத்தாலும் தெரியாது. கண்ணு எங்க இருக்குன்னு அதுவே தேடிப் புடிச்சுக்கும்."

"கண்ண மூடியிருந்தா?"

"ஏன் அண்ணே மூடியிருப்பாரு?"

"தூங்குவாருல்ல," என்று சமாளித்தார் திருச்செல்வம்.

அன்று மாலையே கிள்ளான் வீட்டுக் கூடத்தில் வேலை ஆரம்பமானது. அப்பா நாற்காலியில் சாய்ந்து தொலைக்காட்சி பார்த்துக்கொண்டிருந்தார். திருச்செல்வம் சாப்பாட்டு மேசையில் பேப்பரை விரித்து, அதன் இடுக்கு வழியாகக் கேமராவை நீட்டினார். சத்தமே இல்லை. கெட்டிக்காரக் கேமரா! அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு படத்தைப் பார்த்தார்.

அப்பாவின் முகத்தின் குறுக்கே வரிவரியாகக் கறுப்புக் கோடுகள். கம்பிக்குப் பின்னால் இருப்பது போல இருந்தார். பெரியப்பாவாவது பிடிபட்டவர்; இவர் தீர்ப்பே ஆகி உள்ளே போய்விட்டார்.

"டியூப் லைட்டுல சைலண்ட்ல எடுத்தா அப்படித்தான் கோடு விழும் லா," என்றான் லோகன் போனில். "சத்தத்தோட எடுங்க. சின்னச் சத்தம்தான்."

சின்னச் சத்தம்தான். ஆனால் நாற்பது வருஷம் லோரி ஓட்டி, இன்ஜினில் ஒரு நட்டு ஆடினாலும் கண்டுபிடித்த காது அது. 'டிக்' என்றதும் அய்யாவு திரும்பினார், பார்த்தார், மூச்சைப் பிடித்தார், கண்ணை உருட்டினார். ஐசி தயார்.

"என்னடா அது?"

"புதுசா வாங்கினேன்பா. சும்மா."

"ஓ," என்ற அய்யாவு, அதற்குப் பிறகு மகன் கூடத்துக்குள் வரும்போதெல்லாம் முன்னெச்சரிக்கையாகக் கண்ணை உருட்டிக்கொண்டு உட்கார ஆரம்பித்தார். சாப்பிடும்போதும் அப்படியே உட்கார்ந்திருந்ததால் மலர் பயந்துபோய்த் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள்.

மறுபடியும் பிரிக்பீல்ட்ஸ். இந்த முறை லோகன் ஒரு நீள லென்ஸைக் கொடுத்தான். "வெளிச்சத்துல, தூரத்துல நின்னு எடுங்க அண்ணே. முகம் மட்டும் பளிச்சுனு வரும், பின்னாடி எல்லாம் கலங்கிடும்."

காலையில் அய்யாவு போர்ச்சில் உட்கார்ந்து கோப்பி குடிப்பார். திருச்செல்வம் வேலைக்குப் போவதாகச் சொல்லிக் கிளம்பி, தெருமுனையில் காரை விட்டுவிட்டுத் திரும்பி வந்து, எதிர்வீட்டுக் குரோட்டன் செடிக்குப் பின்னால் குந்தினார். அப்பா கோப்பியை ஆற்றினார். ஏதோ நினைத்துச் சிரித்தார். ஆகா, இதுதானே வேண்டும்! அமுக்கினார்.

படத்தில் அப்பா புகைபோலக் கலங்கியிருந்தார். அவருக்குப் பின்னால் சுவரில் தொங்கிய காலண்டர் முருகன், வேலின் நுனி வரைக்கும் பளிச்சென்று இருந்தார். கண்ணைத் தேடிப் பிடிக்கச் சொன்னால், கேமரா தெய்வத்தின் கண்ணைத் தேடிப் பிடித்திருந்தது. அப்பா மங்கிப் போகிறார், முருகன் கிட்டே வந்துவிட்டார் என்றுதான் அந்தப் படத்துக்குத் திருச்செல்வத்தால் அர்த்தம் பண்ண முடிந்தது. செடிக்குப் பின்னால் குந்தியபடியே குலுங்கிக் குலுங்கி அழுதார்.

"செல்வம்?"

நிமிர்ந்து பார்த்தார். அப்பா கோப்பிக் குவளையோடு எதிரில் நின்றிருந்தார்.

"வேலைக்குப் போறேன்னு சொன்னே. இங்க குந்திக்கிட்டு என்னடா அழுவுறே?"

கையில் நீள லென்ஸ், கண்ணில் தண்ணீர், முட்டியில் மண். உண்மையைச் சொல்ல முடியாது. வாயில் வந்ததைச் சொன்னார்.

"எனக்குத்தான்பா... அன்னிக்கு டாக்டர் என்னைப் பத்தித்தான் பேசினாரு. டென்ஷன் கூடாதாம். மனச வேற எதுலயாவது திருப்பணுமாம். அதான் கேமரா."

அய்யாவு குவளையை மதில்மேல் வைத்தார்.

"அவ்வளவுதானா?"

"அவ்வளவுதான்பா. வேற ஒண்ணுமில்ல," என்று சொல்லும்போதே குரல் உடைந்தது.

"சரிப்பா," என்றார் அய்யாவு. மகனின் முட்டியில் இருந்த மண்ணைத் தட்டிவிட்டார். "நீ எங்க உக்காரச் சொல்றியோ நான் உக்காரறேன். எத்தினி படம் வேணுமோ எடுத்துக்க."

அன்றிலிருந்து அப்பா ஆளே மாறிப்போனார். உரக்கப் பேசுவதை விட்டார். மீன் குழம்பில் தலைத்துண்டை எடுத்து மகன் தட்டில் வைத்தார். இத்தனை வருஷத்தில் அந்தத் தலைத்துண்டை அவர் யாருக்கும் விட்டுக்கொடுத்ததில்லை. போகிற காலம் நெருங்கினால் மனசு இப்படித்தான் இளகும் போலிருக்கிறது என்று நினைத்து, திருச்செல்வத்துக்கு மீன் தொண்டைக்குள் இறங்கவில்லை. அவர் சாப்பிடாததைப் பார்த்து அப்பாவும் சாப்பிடவில்லை.

மலரும் மாறினாள். லென்ஸ் வந்த பெட்டியை அவளே பரணில் எடுத்து வைத்தாள். விலை என்ன என்று கேட்கவில்லை. கல்யாணமான நாளாக ஒரு குடை வாங்கினாலும் கேட்பவள். திருச்செல்வம் கவலையில் இருந்ததால் அந்த அதிசயத்தைக் கவனிக்கவில்லை.

எல்லாம் கூடிவந்தும் படம் மட்டும் வரவில்லை. அப்பா சொன்ன இடத்தில் உட்கார்ந்தார், கண்ணை உருட்டவில்லை. ஆனால் கேமராவுக்குப் பின்னால் இருக்கும் மகனையே பார்த்தார். பார்க்கப் பார்க்க அவர் கண் கலங்கியது. ஒவ்வொரு படத்திலும் உலகத்தின் துக்கம் முழுவதும் அந்த முகத்தில் இருந்தது. லோகன் கொடுத்த கேமரா ஒரு துளிக் கண்ணீரைக்கூட விடாமல் காட்டியது.

"கொஞ்சம் சிரிங்கப்பா."

"சிரிக்கறேன்டா," என்றார் அய்யாவு, கண்ணைத் துடைத்துக்கொண்டு.

ஞாயிற்றுக்கிழமை அவரே கையை நீட்டினார். "எந்நேரமும் என்னையே எடுத்துக்கிட்டு. குடு, உன்னை நான் ஒண்ணு எடுக்கறேன். போய் நல்ல சட்டையா போட்டுக்கிட்டு வா."

தீபாவளிச் சட்டையைப் போட்டுக்கொண்டு வந்து உட்கார்ந்தார் திருச்செல்வம். மலர் வந்து அவர் தலையைச் சீவிவிட்டாள். சீவியவள் அவசரமாகச் சமையலறைக்குத் திரும்பிவிட்டாள், அடுப்பில் எதுவும் இல்லாதபோதும். அப்பா கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றி, ஒரே ஒரு தடவை அமுக்கினார்.

கோடு இல்லை, கலங்கல் இல்லை. லட்சணமான படம்! இத்தனை நாள் மண்டையை உடைத்துக்கொண்ட திருச்செல்வத்துக்குப் பொறாமையாகக்கூட இருந்தது. கேமராவின் திரையில் அதைப் பார்த்த அய்யாவு, "அடே, காது என் காதுடா!" என்று வாய்விட்டுச் சிரித்தார். திருச்செல்வம் கேமராவைப் பிடுங்கி அந்தச் சிரிப்பை அப்படியே எடுத்துவிட்டார்.

எடுத்ததைப் பார்த்ததும் அவருக்குத் தெரிந்துவிட்டது. இதுதான் அப்பா. செமினியில் கேட்ட மாதிரி யாரும் 'இது யாரு' என்று கேட்கமாட்டார்கள். போதும், அப்பாவை மரியாதையாக அனுப்பிவைக்கலாம். அவருக்கு அழுகையும் நிம்மதியும் ஒன்றாக வந்தன.

இரண்டு நாள் கழித்து, வேலை முடிந்ததும் வீட்டுக்குப் போகாமல் கிள்ளான் டவுனுக்குப் போனார். தெருவுக்கே ஒன்றுதான் பிரேம் கடை. கடைக்காரர் விஜயன் கண்ணாடி வெட்டிக்கொண்டிருந்தார்.

"பெரிய சைஸா போட்டுக் குடுங்க," என்று திருச்செல்வம் படத்தை நீட்டினார். குரலைத் தாழ்த்திக்கொண்டார். "மேல மாலை போட ரெண்டு கொக்கி வெச்சிடுங்க. இப்ப இல்ல, சும்மா... முன்கூட்டியே. வீட்ல யாருக்கும் தெரியக்கூடாது. முக்கியமா அவருக்கு."

விஜயன் படத்தை வாங்கிப் பார்த்தார். திருச்செல்வத்தை ஏற இறங்கப் பார்த்தார். கடைக்கு உள்ளே திரும்பி, சுவரில் சாய்த்து வைத்திருந்த எதையோ பார்த்தார். பிறகு கையில் இருந்த கண்ணாடியை மெதுவாகக் கீழே வைத்தார்.

"அண்ணே, கோவிச்சுக்காதீங்க லா. இந்தப் பெரியவரு நேத்துதான் உங்க வீட்டு அக்காவோட வந்து, உங்க படத்துக்கு இதே சைஸு, இதே கொக்கின்னு சொல்லிட்டு, உங்களுக்கு மட்டும் தெரியவேணாம்னு என் கையைப் புடிச்சிக்கிட்டு அழுதுட்டுப் போனாரு."