புழு கடிக்காத கீரை

தம்புசாமி மண்டியிட்டு, பாசாரில் வாங்கிவந்த கீரையை வேரோடு மண்ணில் ஊன்றிக்கொண்டிருந்தான்.

"சீக்கிரம் லா! பத்து மணிக்கு வந்துருவாங்க!"

"மாடு திங்கிறப்ப தூங்கிட்டு, இப்ப என்னை வெரட்டுறீங்க!" கட்டுகளைப் பிரித்துப் பிரித்து நீட்டினாள் மனைவி லெட்சுமி.

கிள்ளானில் மருந்தடிக்காத கீரை போடுகிறவன் என்று தம்புசாமிக்குப் பெயர். அதைக் கேள்விப்பட்டுத்தான் பெட்டாலிங் ஜெயாவிலிருந்து உமையாள் ஆச்சி வருகிறார். அவருக்குப் பிடித்துவிட்டால் அந்த வட்டாரமே வாடிக்கை. இல்லையென்றால், உதறிவிட்டு வந்த ஃபேக்டரி வேலைக்கே போய் சூப்பர்வைசர் காலில் விழவேண்டும். நேரம் பார்த்து, எஸ்டேட் மாடுகள் வேலியை முறித்து ஒரு பாத்தி விடாமல் மேய்ந்துவிட்டன.

நட்டு முடித்ததும் லெட்சுமி முகத்தைச் சுளித்தாள்.

"ஒரு ஓட்டை கூட இல்லியே. மருந்துக் கீரைன்னு பார்த்ததுமே தெரிஞ்சிரும்."

ஊதுவத்தியைக் கொளுத்தி இலை இலையாகச் சுட்டான். ஓட்டை விழுந்தது. ஓரமெல்லாம் கருகியது.

"புழு சுருட்டுப் பிடிச்ச மாதிரி இருக்கு!"

"அப்ப நெசப் புழுவையே விடுறேன், பாரு!"

பக்கத்து வீட்டுச் செடிகளை உலுக்கி, ஒரு டின் நிறையப் பச்சைப் புழுக்களைக் கொண்டுவந்து கொட்டினான். அவை ஆவலாகக் கடித்தன. சற்று நேரத்தில் ஒவ்வொன்றாகச் சுருண்டு விழுந்தன.

வாசலில் கார் ஹாரன்!

உமையாள் ஆச்சி பாத்தியோரம் குனிந்தார். பின்னால் கூடையோடு டிரைவர் வேலாயுதம்.

"ஏன் தம்பி, புழுவெல்லாம் செத்துக் கெடக்கு?"

"வ... வயசாயிருச்சுங்க ஆச்சி."

"ஊதுவத்தி வாசம் வேற வருது?"

"செத்த வீடுங்களே," என்று முணுமுணுத்தாள் லெட்சுமி.

"என்னமோ போங்க. நானே ஒண்ணு பறிச்சுப் பாக்குறேன்."

"வேணாங்க ஆச்சி! கை அழுக்காயிரும்!"

அதற்குள் ஆச்சி இழுத்துவிட்டார். ஒரு செடி வரவில்லை. அவசரத்தில் பிரிக்காமலே ஊன்றிய, சிவப்பு நைலான் கயிறு கட்டிய முழுக் கட்டே மண்ணோடு வந்தது.

தம்புசாமி கண்ணை மூடிக்கொண்டான்.

வேலாயுதம் கட்டை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தான். அவன் முகம் வெளுத்தது.

"ஆச்சி, இது நான் போட்ட முடிச்சு. நம்ம காஜாங் தோட்டத்துல நேத்து மருந்தடிச்சு பாசாருக்கு அனுப்பினோமே, நம்ம வீட்டு அடுப்புல மட்டும் ஏத்தவே கூடாதுன்னு சொன்னீங்களே... அந்தக் கீரைதான்!"